கொலையான கவிஞரின் பெயர்

நகர மண்டப வாசலில் ஒட்டியிருந்த சுவரொட்டியைப் பார்த்ததும் ஹில்டாவுக்கு உச்சந்தலை வரை கொதித்தது. ‘இன்று கவிதை வாசிப்பவர்: ஹில்டா கிராஸ்க்.’ தொலைக்காட்சித் துப்பறியும் தொடருக்குப் படம்பிடிக்க லண்டனிலிருந்து வந்தவர்கள் ஒட்டியது. இரண்டாம் காட்சியிலேயே அந்தக் கவிஞரைக் கழுத்தை நெரித்துக் கொன்றுவிடுகிறார்களாம். கதை எழுதியவன் டெஸ்மண்ட் புட்டிக் என்று கேள்விப்பட்டதும் அவளுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. அவனுடைய ஒரே நாவலை இருபது வருடங்களுக்கு முன் அவள்தான் பத்திரிகையில் கிழி கிழியென்று கிழித்தாள். படுபாவி, அத்தனை வருடமும் கறுவிக்கொண்டே இருந்திருக்கிறான்.

நேரே வீட்டுக்குப் போய்த் தன் ஐந்து கவிதைத் தொகுப்புகளையும் பையில் போட்டுக்கொண்டு திரும்பினாள். படக்குழுவின் உணவு வண்டியருகே பன்றிக்கறி சாண்ட்விச் தின்றுகொண்டிருந்த டெஸ்மண்ட் எழுந்திருக்கக்கூட இல்லை.

“என் பேரை எடுத்துடு.”

“உன் பேரா? ஹில்டான்னு பேரு வைக்க உன்கிட்ட அனுமதி வாங்கணுமா?”

“ஹில்டா கிராஸ்க்னு ஒரு கவிஞர்தான் இருக்கா. அது நான்.”

“அதை நீதான் சொல்லிட்டுத் திரியிற. வேற எவனும் சொல்லலையே.”

தயாரிப்பாளர் லோர்னா கோப்பும் கையுமாக ஓடிவந்தாள். கதையில் வரும் ஒவ்வொரு பெயருக்கும், அதே தொழிலில் அதே பெயரில் நிஜ ஆள் இருக்கிறாரா என்று முன்கூட்டியே தேடிப் பார்ப்பது அவர்கள் வழக்கம்.

“தேடிட்டுத்தான் வச்சோம், மேடம். நீங்களே பாருங்க.”

கோப்பிலிருந்து அவள் நீட்டிய தாளில் ஒரே வரி: இப்பெயரில் கவிஞர் எவரும் இல்லை.

நாற்பது வருட உழைப்பு. ஹில்டா ஐந்து புத்தகங்களையும் எடுத்து மேசைமேல் போட்டாள். லோர்னாவின் முகம் வெளுத்துவிட்டது.

“மாத்தலாம், மேடம். ஆனா ஆறு நாள் எடுத்ததைத் திரும்ப எடுக்கணும். பாக்கிறவங்க இந்தப் பாத்திரம் நீங்கதான்னு நம்பிடுவாங்கன்னு நீங்க எழுதிக் கொடுத்தாத்தான் வக்கீல் ஒத்துக்குவாரு.”

டெஸ்மண்ட் சிரித்தபடி கதைத்தாளை அவள் பக்கம் தள்ளினான். “படிச்சுட்டு எழுது.”

படித்தாள். அடுத்தவர் முன்னேறினால் பொறுக்காதவள், நாக்கில் விஷம், செத்ததும் ஊர் எழுத்தாளர்கள் எல்லோரும் நிம்மதியாக மூச்சுவிடுகிறார்கள். சவ அடக்கத்துக்கு வந்தது துப்பறிபவர் ஒருவர்தான். பாவி, அவளை அப்படியே எழுதியிருந்தான். அவளுக்கு அவமானமாக இருந்தது.

“என்ன, கை வரலையா? அது நான்தான்னு எழுதேன். ஊரே படிக்கட்டும்.”

ஹில்டா லோர்னாவிடம் திரும்பினாள்.

“இந்தக் கடுதாசி உங்க கோப்புல இருக்குமா?”

“கண்டிப்பா, மேடம்.”

“அடுத்த தடவை யாராவது என் பேரைத் தேடினா கிடைக்குமா?”

“கிடைக்கும்.”

“பேனா கொடும்மா.”

‘இதில் வரும் பொறாமைக்காரி நான்தான்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள். அதன் கீழே, கவிஞர் என்று கொட்டை எழுத்தில் எழுதினாள்.