கலாமணியின் புருவங்கள் கீழ்வீட்டில் தங்கிய பதினைந்து நாள்

கண்ணாடியைக் கழற்றுவதற்காக லேசர் செய்துகொள்பவர்கள், பதினைந்து நாளைக்குத் தங்கள் புருவங்களை வேறொருவர் முகத்தில் விட்டுவைக்க வேண்டும். அந்த நாட்களில் கண்ணுக்குப் பக்கத்தில் நூல் போடக் கூடாது, பென்சில் தீட்டக் கூடாது, பவுடர் படக் கூடாது, முகத்தில் தண்ணீர் அடித்துக் கழுவக் கூடாது. கண்ணுக்கு இதெல்லாம் நல்லதுதான். புருவத்துக்குத்தான் ஒத்துக்கொள்ளாது. கவனிப்பில்லாத புருவம் நான்காம் நாள் சோர்ந்துபோய், ஐந்தாம் நாள் கிளம்பிவிடும். அப்படிப் போனதைத் தேடிப் பிடித்தவர்கள் ஈரோட்டில் இதுவரை யாருமில்லை. அதனால் கண் ஆஸ்பத்திரியில் ஒரு பச்சைப் படிவத்தைக் கொடுத்து, புருவம் யாரிடம் தங்கும் என்று எழுதி வாங்கிக்கொள்கிறார்கள். பதினைந்தாம் நாள் திரும்பி வர மறுக்கும் புருவம் தங்கிய முகத்துக்கே சொந்தமாகிவிடும் என்று படிவத்தின் பின்பக்கத்தில் போட்டிருக்கும்.

கலாமணி அந்தப் படிவத்தை நாலு நாள் கையில் வைத்துக்கொண்டு யோசித்தாள். கோபியில் இருக்கும் அக்காவிடம் விடலாம். ஆனால் அக்கா வீட்டுக்குப் பலகாரத்தோடு போன தூக்குப்போசி ஒன்றுகூட இதுவரை திரும்பி வந்ததில்லை. நாத்தனாரிடம் விட்டால், ஏற்கெனவே தூக்கிப் பிடித்துக்கொண்டிருக்கும் அந்த முகம் இன்னும் கொஞ்சம் தூக்கிக்கொள்ளும். கடைசியில் கீழ்வீட்டு ஓரகத்தி தாரணியின் பெயரை எழுதினாள். தாரணி அவள் கொழுந்தன் குமரேசனின் மனைவி. காலேஜ் படிக்கிற காலத்தில் ஆசைக்கு நூல் போட்டுப் போட்டுப் புருவத்தைத் தொலைத்தவள். தினமும் காலையில் பென்சிலால் இரண்டு கோடு போட்டுக்கொண்டுதான் பால் வாங்கவே வெளியே வருவாள். நெற்றி வேறு குறுகல். அந்த முகத்தில் எதைக் கொண்டுபோய் வைத்தாலும் எடுப்பாக இருக்காது என்று கலாமணி கணக்குப் போட்டாள். படிவத்தில் 'தேர்ந்தெடுத்த காரணம்' என்ற இடத்தில் 'நெருங்கிய உறவு' என்று எழுதினாள்.

தாரணிக்கு நூல் போடும் பியூலாவின் பார்லரில் வைத்துப் புருவங்களை மாற்றினார்கள். பியூலா நூலின் ஒரு நுனியைப் பல்லில் கடித்துக்கொண்டு, கலாமணி நெற்றியிலிருந்து தாரணி நெற்றிக்கு நூலை இழுத்துக் கட்டினாள். புருவங்கள் இரண்டும் ஒன்றன்பின் ஒன்றாக நூல்மேல் நடந்து அந்தப் பக்கம் போய் உட்கார்ந்தன.

"பத்திரமாப் பாத்துக்குவனுங்க்கா, நீங்க வெசனப்படாதீங்க" என்றாள் தாரணி.

"பாத்துக்க கண்ணு" என்றாள் கலாமணி. புருவமில்லாத முகத்தில் அது ரொம்பப் பெருந்தன்மையாகத் தெரிந்தது.

லேசர் முடிந்த மூன்றாம் நாள் பார்வை தெளிந்துவிட்டது. ஆறாம் வகுப்பிலிருந்து மைனஸ் ஏழு பவரில் கண்ணாடி போட்டிருந்தவள் அவள். இப்போது எதிர்வீட்டு வேப்பமரத்தில் இலை இலையாகத் தெரிந்தது. தண்ணீர்த் தொட்டியின் துரு தெரிந்தது. கணவன் சென்னியப்பனின் காதுக்குள் முடி வளர்ந்திருப்பது தெரிந்தது. நான்காம் நாள் காலை மாடியிலிருந்து கீழே பார்த்தாள். தாரணி வாசலில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள்.

கலாமணி தன் புருவங்களைச் சரியாகப் பார்த்தது அன்றைக்குத்தான். கண்ணாடி போட்டால் ஃப்ரேம் அவற்றின்மேலேயே உட்கார்ந்துவிடும். கழற்றினாலோ புருவமே தெரியாது. இப்போது அவை வெயிலில் இருந்தன. கறுத்து, அடர்ந்து, தலைவாழை இலையின் நுனிபோல ஓரத்தில் ஒரே சீராக மெலிந்திருந்தன. தாரணியின் குறுகல் நெற்றிக்கு அளவெடுத்து வைத்ததுபோல இருந்தது. கலாமணியின் வயிறு எரிந்தது.

"ஏம்புள்ள, நம்ம தாரணி புருவத்தப் பாத்தியா? நெம்ப நல்லாருக்குது" என்றான் சென்னியப்பன், செய்தித்தாளை மடித்தபடி.

"அது என்ற புருவமுங்க."

"அப்படியா? பத்தொம்பது வருசத்துல நான் பாத்ததே இல்லியே" என்று சொல்லிவிட்டுக் குளிக்கப் போனான்.

அந்த இடத்தில் எந்தப் பெண்ணுக்கும் புருவம் நெரியத்தான் செய்யும். கலாமணிக்கும் நெரிந்தது, கீழ்வீட்டில். ஒப்படைத்த புருவம் இடம்தான் மாறுமே தவிர, உரியவளின் மனசுக்குத்தான் ஆடும். டீயை வடிகட்டிக்கொண்டிருந்த தாரணியின் நெற்றியில் புருவங்கள் சட்டென்று நெருங்கி நின்றன. குமரேசன் நிமிர்ந்து பார்த்தான். மெல்ல எழுந்தான்.

"சக்கரை பத்தலீன்னா பரவால்ல கண்ணு, நானே போட்டுக்கறேன்."

போட்டுக்கொண்டதோடு நிற்காமல் டம்ளரையும் அவனே கழுவி வைத்தான். அவன் குரலும், தண்ணீர்ச் சத்தமும், டம்ளர் கவிழும் சத்தமும் மாடிக்குக் கேட்டன. குமரேசன் டம்ளர் கழுவுகிறானா என்று கலாமணி நினைத்தாள். நினைத்தவுடன் கீழே புருவங்கள் இன்னும் ஒரு விரற்கடை ஏறின. குமரேசன் வாசலையும் கூட்டினான்.

அன்றிலிருந்து அப்படியே போயிற்று. கலாமணிக்குப் பொறாமை வரும்போதெல்லாம் தாரணியின் முகத்தில் கோபம் தெரிந்தது. தாரணியின் முகத்தில் கோபம் தெரியும்போதெல்லாம் குமரேசன் அவளைத் தாங்கினான். தாங்குவதைப் பார்த்துக் கலாமணிக்குப் பொறாமை வந்தது. ஆறாம் நாள் மல்லிகைப்பூ வந்தது. ஏழாம் நாள் பவானிக்குக் கூட்டிக்கொண்டு போய் வந்தான். எட்டாம் நாள் மாடிக்கு வந்து, தலையைச் சொறிந்துகொண்டு நின்றான்.

"அண்ணி, அவளுக்கு எம்மேல என்ன கோவம்னே தெரியலீங்க. வாயில ஒண்ணுமே சொல்ல மாட்டீங்கறா. மொகத்தப் பாத்தாத்தான் தெரியுது. நீங்களாச்சும் கேட்டுச் சொல்லுங்க."

"கேக்கறேன்" என்றாள் கலாமணி. அவள் முகம் கழுவிக் கவிழ்த்த தட்டு மாதிரி அமைதியாக இருந்தது.

அந்த அமைதிதான் அவளுக்கு வினையாகிப் போனது. நாளைக்கு நாலு வேளை கண்ணில் சொட்டு மருந்து விட வேண்டும். விடுவது கணவனின் பொறுப்பு என்று பச்சைப் படிவத்திலேயே கையெழுத்து வாங்கியிருந்தார்கள். முன்பெல்லாம் சென்னியப்பன் எதையாவது மறந்தால், கலாமணியின் கண்ணாடி ஃப்ரேம் லேசாக மேலே ஏறும். அதைப் பார்த்துத்தான் பத்தொன்பது வருடமாக அவன் கரண்ட் பில் கட்டினான், மாமனார் வீட்டுக்குப் போனான், மாவு அரைத்துக்கொண்டு வந்தான். இப்போது ஃப்ரேமும் இல்லை, அதைத் தூக்குகிற புருவமும் இல்லை.

"லேசர் பண்ணதுக்கப்புறம் நீ நெம்பச் சாந்தமாயிட்ட புள்ள" என்று சந்தோஷமாகச் சொல்லிவிட்டு, மருந்து விடாமலே கடைக்குக் கிளம்பிவிடுவான். அவளே அண்ணாந்து படுத்துக்கொண்டு குத்துமதிப்பாக விட்டுக்கொள்வாள். பாதி மருந்து காதுக்குப் போகும்.

தாரணி ஏமாற்றுக்காரியாக இருந்திருந்தால்கூட மனசு ஆறியிருக்கும். அவளோ சொன்ன சொல் தவறாதவள். தினமும் பொழுதோடு, விளக்கு வைக்கும் நேரத்தில், புருவங்களுக்கு விளக்கெண்ணெய் தடவினாள். குட்டி பிரஷ் வாங்கி வந்து வாரிவிட்டாள். காலை வெயிலில் பத்து நிமிடம் அவற்றைக் காட்டிக்கொண்டு நின்றாள். கலாமணி தன் வாழ்நாளில் அவற்றுக்கு ஒரு சொட்டு எண்ணெய் வைத்ததில்லை. எண்ணெய் வைத்தால் கண்ணாடி வழுக்கும். அவை தாரணியிடம் பளபளவென்று ஆகிக்கொண்டே வந்தன. இத்தனை கவனிப்பு கிடைக்கிற இடத்தை விட்டு எது திரும்பி வரும் என்ற பயம் பத்தாம் நாள் கலாமணியைப் பிடித்துக்கொண்டது. அதற்குப் பிறகு அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

பதினைந்தாம் நாள் மூவரும் மறுபடி பார்லரில் உட்கார்ந்தார்கள். தாரணி புருவங்களை வாரி, நல்லபடியாகக் கூட்டி வந்திருந்தாள்.

"வரலீன்னா வற்புறுத்தக் கூடாதுங்க்கா. அவங்களா வரணும்" என்று சொல்லிவிட்டு பியூலா நூலைப் பல்லில் கடித்தாள். அதற்கப்புறம் அவளால் பேச முடியவில்லை.

"வா சாமி, வா" என்றாள் கலாமணி. குரலில் தேனைக் குழைத்துத்தான் கூப்பிட்டாள். புருவங்கள் அசையவில்லை. "நானும் எண்ணெ வெக்கிறேன். பிரஷ் வாங்கித் தாரேன்." வலது புருவம் மட்டும் லேசாகச் சிலிர்த்துவிட்டு மறுபடி படுத்துக்கொண்டது. "தங்கமில்ல, வா." ஒன்றும் நடக்கவில்லை. பியூலா சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தாள். கலாமணிக்குக் கண் கலங்கியது. கண்ணைத் துடைக்கக் கூடாது என்பதால் அப்படியே இருந்தாள்.

தாரணிக்குப் பாவமாகிவிட்டது. அவள் மெதுவாகக் கலாமணியின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"வுடுங்க்கா. எங்கிட்டயே இருந்துட்டுப் போகட்டும். உங்களுக்குத்தான் கண்ணு நல்லாத் தெரியுதே, ஆசையா இருக்கறப்பக் கீழ வந்து பாத்துக்கங்க."

கலாமணிக்கு உச்சந்தலை வரைக்கும் எரிந்தது. பதினைந்து நாளில் எரிந்ததெல்லாம் இதற்குப் பக்கத்தில் வராது. மல்லிகைப்பூவும், கழுவிய டம்ளரும், பவானியும், காதுக்குள் போன மருந்தும் ஒன்றாகச் சேர்ந்து எரிந்தன. தாரணியின் நெற்றியில் புருவங்கள் விசுக்கென்று ஏறின. குறுகல் நெற்றி என்பதால் மேலே போக இடம் போதவில்லை. ஏறிய வேகத்தில் நூலைத் தொற்றிக்கொண்டு, இந்தப் பக்கம் விறுவிறுவென்று நடந்து வந்து, கலாமணியின் கண்ணுக்குமேல் நெரிந்த நிலையிலேயே உட்கார்ந்தன.

பியூலா நூலைத் துப்பிவிட்டு, "அப்படித்தானுங்க்கா கூப்புடோணும்" என்றாள்.

தாரணி கைப்பையிலிருந்து பென்சிலை எடுத்து, வெறும் நெற்றியில் இரண்டு கோடு போட்டுக்கொண்டாள். அவசரத்தில் ஒன்று மேலே, ஒன்று கீழே போனது. தெளிந்த பார்வையில் கலாமணிக்கு அது நன்றாகவே தெரிந்தது. பாவமாகத்தான் இருந்தது. ஆனாலும் அதற்காகப் புருவங்கள் இறங்கவில்லை.

வீட்டுக்கு வந்ததும் சென்னியப்பன் அவளை நின்று பார்த்தான். வாசலில் செருப்பைக் கழற்றியவன் மறுபடி மாட்டிக்கொண்டு போய் ஒரு முழம் பூ வாங்கி வந்தான். நாலு வேளை மருந்தும் ஒரு சொட்டு சிந்தாமல் கண்ணில் விழ ஆரம்பித்தது. கீழ்வீட்டில் குமரேசன் டம்ளரைக் கழுவத் தாரணியிடமே கொடுத்தான்.

இருபது நாள் கழித்துத் தாரணி கன்னத்தைப் பிடித்துக்கொண்டு மாடிக்கு வந்தாள். கடைவாய்ப் பல்லைப் பிடுங்கப் போகிறாளாம். பல் ஆஸ்பத்திரியிலும் விதி உண்டு. தையல் ஆறும்வரை பத்து நாளைக்குச் சிரிப்பை யாரிடமாவது விட்டுவைக்க வேண்டும்.

"உங்ககிட்டயே வுட்டுட்டுப் போறனுங்க்கா" என்று மஞ்சள் படிவத்தை நீட்டினாள்.

கலாமணி கண்ணாடி இல்லாமலே அதைப் படித்தாள். 'தேர்ந்தெடுத்த காரணம்' என்ற இடத்தில் 'நெருங்கிய உறவு' என்று எழுதியிருந்தது. இன்னொரு தரம் படித்தாள். பிறகு கையெழுத்துப் போட்டாள். தாரணி கைக்குட்டையில் மடித்துக் கொண்டுவந்திருந்த சிரிப்பைப் பிரித்து, அவள் உதட்டில் வைத்து ஓரங்களை நீவிவிட்டுப் போனாள்.

மறுநாள் பொழுதோடு கலாமணி கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். சிரிக்க ஒன்றுமே இல்லாதபோது உதட்டில் சிரிப்பு மெதுவாக விரிந்தது. கீழே வாசல் கட்டிலில் வீங்கிய கன்னத்தோடு படுத்திருப்பவளுக்கு அப்படி என்ன சந்தோஷம் என்று எட்டிப் பார்த்தாள். குமரேசன் பக்கத்தில் உட்கார்ந்து கரண்டியால் ஐஸ்கிரீம் ஊட்டிக்கொண்டிருந்தான். கலாமணியின் புருவங்கள் நெரிந்தன. சிரிப்பு இன்னும் விரிந்தது.

ஒரு முழம் பூவோடு உள்ளே வந்த சென்னியப்பன், அந்த முகத்தை மேலிருந்து கீழ்வரை ஒரு தரமும் கீழிருந்து மேல்வரை ஒரு தரமும் பார்த்தான். பூவைச் சரிபாதியாகக் கிள்ளினான். ஒரு பாதியைக் கலாமணியின் தலையில் வைத்தான். மறுபாதியைச் சிரிப்புக்கு உரியவளிடம் சேர்த்துவிடச் சொல்லித் தம்பியிடம் கொடுத்து வருவதாகச் சொல்லிவிட்டுப் படி இறங்கினான்.

கொஞ்ச நேரத்தில் சிரிப்பு காதுவரை போயிற்று. கலாமணி அந்தச் சிரிப்போடு மிச்சக் கீரையையும் ஆய்ந்து முடித்தாள்.