ஊக்கில் ஒட்டிய துணி

ஆஸ்பத்திரியில் கொடுத்த பையைப் பிரித்து அம்மாவின் சேலையை உதறினாள் பிரபா. வாசலில் அம்மா ராமாயி வெள்ளைத் துணிக்குள் கிடந்தாள். பிறந்த வீட்டுக் கோடிச் சேலையோடு தலைமாட்டில் நின்றார் மாமன் பொன்னன்.

"பழஞ்சேலை எதுக்கு சாமி? சுருட்டி வெய்யி, சுடுகாட்டுல போட்டரலாம்."

சேலையின் தோள்பக்கம் ஊக்கு இருந்தது. அதில் விரல்நகமளவு ஆரஞ்சுத் துணி.

நேற்று விடிகாலை பிரபாவே குத்திவிட்ட ஊக்கு. "ஆரஞ்சுக் கோட்டுல பட்டன் போயிருச்சு புள்ள. கோட்டு இல்லாம தண்டவாளத்துல எறங்குனா ஆப்சென்ட் போட்டுருவான்," என்றாள் அம்மா. கோட்டையும் சேலையையும் சேர்த்தே குத்தினாள் பிரபா. எட்டு மணிக்குள் ரயில் எஞ்சின் அம்மாவை அடித்துவிட்டது.

விருத்தாசலம் ரயில்பாதை மீட்டர்கேஜாக இருந்தபோதே ஊர் ஜங்ஷனில் துடைப்பம் பிடித்தவள் அம்மா. பாதை அகலமானது, ரயில்வே டிவிஷன் வந்தது, எஸ்கலேட்டர் வந்தது. கான்ட்ராக்ட்காரர்கள் ஏழு பேர் மாறினார்கள். தண்டவாளத்துப் பீயை அள்ளியவள் மட்டும் மாறவில்லை.

கான்ட்ராக்ட்காரரின் சூப்பர்வைசர் அன்பரசு காகிதம் நீட்டினான். "படிச்ச புள்ளைங்க நீங்க, உங்களுக்குத் தெரியாததா? ஒரு கையெழுத்துதானுங்க."

அந்த வீட்டில் முதன்முதலாகப் பட்டம் வாங்கியவள் வாசித்தாள். 'தண்டவாளத்தை அத்துமீறிக் கடந்தபோது.'

"எங்கம்மா வேலைலதான செத்தா?"

"வேலைல இருந்தா கோட்டுப் போட்டிருப்பாங்கள்ல? போலீஸ் வந்தப்ப ஒடம்புல கோட்டு இல்லீங்களே."

குத்தியிருந்த கோட்டைப் பிய்த்து எடுத்திருக்கிறார்கள். பிரபா சேலையைப் பைக்குள் வைத்து வாயை இறுக்கி முடிந்தாள்.

"வண்டி வந்தா விசில் ஊத ஆளு போட்டிருந்தீங்களா?"

அன்பரசு போனைப் பார்த்தான்.

"கையெழுத்தப் போட்டுக் குடுத்துரு சாமி," என்றார் பொன்னன். "பொணத்தை வெச்சுக்கிட்டு எதுக்கு வம்பு?"

"அத்துமீறுனாளாம் மாமா. இருபத்திரண்டு வருசமா தெனமும் கூட்டுன எடத்துல."

காகிதத்தை அவன் சட்டைப்பையிலேயே சொருகினாள்.

பாடை கிளம்பியது. தெருமுனையில் பெண்கள் நின்றுவிட்டார்கள். பிரபா நிற்கவில்லை.

"பொம்பளைக வரக்கூடாது சாமி. அந்தப் பையைக் கொண்டா இப்படி."

"நானே தூக்கிக்கறேன்."

ஜங்ஷன் சுவரோரமாகப் போனார்கள். சுவர் இடிந்திருந்த இடத்தில் தண்டவாளம் தெரிந்தது. அம்மாவோடு வேலை பார்த்த நான்கு பேர் ஆரஞ்சுக் கோட்டோடு குனிந்து கூட்டிக்கொண்டிருந்தார்கள்.

விசில் சத்தம் கேட்டது. நால்வரும் ஒதுங்கினார்கள். வண்டி கடந்தது.

இன்று காலை வேலைக்குச் சேர்ந்த ஆள், விசிலைச் சட்டையில் துடைத்துவிட்டு மறுபடியும் வாயில் வைத்துக்கொண்டான்.