பிடிக்கிறது யாரு?

வாயை மூடிக்கொண்டு தைத்திருந்தால் அன்றைக்கு ஒன்றுமே ஆகியிருக்காது. ஆனால் என் வாய் என்றைக்கு மூடியிருக்கிறது? பின்முற்றத்தில் லாரி வந்து நின்ற சத்தம் கேட்டதும், தையல் மெஷினை விட்டு எழாமலே, ஜன்னல் வழியாகத் தம்பியைப் பிடித்துக்கொண்டேன்.

“ஒண்ணு பாக்கியில்லாம ஏத்தி அனுப்பு. இது புள்ள விளையாடற இடம், உன் குப்பைமேடு இல்ல.”

“குப்பைன்னு சொல்லாதக்கா. இதுலதான் நம்ம வீட்டு அடுப்பு எரியுது.”

“ஆமாமா, உன் ஒருத்தனாலதான் எரியுது. நான் இங்க உக்காந்து மிதிக்கிறது உடம்பு இளைக்கத்தான்!”

தம்பி ஃப்ரிட்ஜும் வாஷிங் மெஷினும் பழுது பார்க்கிறவன். வீட்டுக்குப் பின்னால் தகரக் கொட்டகைதான் அவன் பட்டறை. இனிமேல் தேறாது என்று ஆனவை முற்றத்தில் குவிந்துகிடக்கும். பழைய இரும்புக்காரரின் லாரி வந்து அள்ளிக்கொண்டு போகும். அவனிடம் ஆயிரம் குறை சொல்வேன், ஒரு விஷயத்தில் மட்டும் சொல்ல முடியாது. கதவைக் கழற்றாமல் ஒரு ஃப்ரிட்ஜையும் வெளியே போட மாட்டான். சின்னப் பிள்ளைகள் உள்ளே புகுந்து கதவு சாத்திக்கொண்டால் போச்சு. அந்த ரப்பர் பட்டை காற்றையே விடாது, உள்ளே எவ்வளவு கத்தினாலும் வெளியே கேட்காது. கழற்றின கதவுகளை அவன் லாரியில் ஏற்றுவதில்லை. பின்சுவர் ஓரமாக, பழைய தண்ணீர்த் தொட்டியின்மேல் சாய்த்து அடுக்கி, தார்ப்பாய் போட்டுவைத்து, பிறகு பொறுமையாக ரப்பரை உரிப்பான்.

அன்றைக்குக் கடைசி ஃப்ரிட்ஜின் கதவில் அவன் கை வைத்திருந்தபோதுதான் நான் ஆரம்பித்தேன். ஆரம்பித்தால் நிறுத்தத் தெரிகிறதா எனக்கு? “உனக்கென்னடா, பொண்டாட்டியா புள்ளையா? பெத்தவளுக்குத்தான் தெரியும் வயித்துல நெருப்பு” என்று சொல்லிவிட்டேன். சொன்னதுமே நாக்கைக் கடித்துக்கொண்டேன். அவனுக்குக் கல்யாணம் தள்ளிப் போய்க்கொண்டே இருப்பது வீட்டில் எல்லோரும் தொடாமல் சுற்றிப் போகிற பேச்சு.

அவன் ஸ்க்ரூ டிரைவரைத் தரையில் வீசினான். “நீயே ஏத்திக்கோ” என்று பைக்கை உதைத்துக் கிளப்பிக்கொண்டு போய்விட்டான்.

இந்தக் கூத்துக்கு நடுவே என் மகள் வேறு வந்து முழங்கையை இழுத்து என்னவோ கேட்டாள். என் வாயில் குண்டூசி, காதில் தம்பியின் பைக். “ம்ம், சரி, போ” என்றேன். அவள் குதித்துக்கொண்டு ஓடினாள். வீட்டில் அவளை வாலு என்றுதான் கூப்பிடுவோம். இரண்டாம் வகுப்பு படிக்கிறாள், பேச்சு மட்டும் கல்லூரி.

லாரி டிரைவரும் கூட வந்த ஆளும் மிச்சத்தை ஏற்றிக் கயிறு கட்டி முடித்த பிறகுதான் அவளைச் சாப்பிடக் கூப்பிட்டேன். பதில் இல்லை. கட்டிலுக்கு அடியில் பார்த்தேன், பீரோவுக்குப் பின்னால் பார்த்தேன், துணி மூட்டையைக் கலைத்துப் பார்த்தேன். அடுத்த வீட்டுக்கும் வரவில்லை என்றார்கள். தெருவில் நின்று இரண்டு பக்கமும் கத்தினேன்.

அப்பா கூடத்து நாற்காலியில் பேப்பரைத் தாழ்த்தினார். பஸ் கண்டக்டராக இருந்து ஓய்வு பெற்றவர். இன்றைக்கும் வீட்டில் எல்லோரையும் பயணிகளாகவே நினைத்துக்கொண்டிருக்கிறார்.

“எதுக்குத் தொண்டையக் கிழிச்சுக்கிற? கண்ணாமூச்சி ஆடறா. செருப்ப இங்க விட்டுட்டு ஓடினா, நான் பாத்தேன். ஒளியறதுக்குத்தான் வெறுங்காலோட போவா, சத்தம் வரக்கூடாதுன்னு.”

எனக்கு உயிர் வந்தது. உடனே எரிச்சலும் வந்தது. முற்றத்துக்குப் போய், “வாலு, ஆட்டம் முடிஞ்சுது, வா வெளிய” என்றேன். ஒன்றும் அசையவில்லை. “சாப்பாடு ஆறுது!” அசையவில்லை. “ஐஸ்கிரீம் வாங்கித் தரேன்டி!” ம்ஹூம். “மாமாவுக்கு அடிபட்டுடுச்சு, சீக்கிரம் வா!” என்று பொய்கூடச் சொன்னேன்.

சொன்ன பிறகுதான் உறைத்தது. இதையெல்லாம் சொல்லித்தான் நானும் தம்பியும் சின்ன வயதில் ஒருத்தரை ஒருத்தர் ஏமாற்றுவோம். சாப்பாடு ஆறுது, பாம்பு வருது, அம்மா அழறாங்க, எனக்கு ரத்தம் வருது. இவன் நம்பி வெளியே வருவான், நான் லபக்கென்று பிடிப்பேன். தினமும் அடிதடி. கடைசியில் அப்பாதான் சட்டம் போட்டார்: பிடிக்கிறவங்க, அவங்க வாயாலயே, ‘தோத்துட்டேன்’ என்று சொல்லணும். ஒளிஞ்சவங்க ‘யார்கிட்ட’ன்னு கேட்பாங்க. ‘உன்கிட்ட’ன்னு சொல்லணும். அதுவரைக்கும் வானமே இடிஞ்சு விழுந்தாலும் வெளிய வர வேண்டாம். வேற யார் கூப்பிட்டாலும் செல்லாது.

இந்தச் சட்டத்தோடு, எங்கள் பழைய ஏமாற்று வேலை அத்தனையையும் தாத்தாவும் மாமாவும் சேர்ந்து அவளுக்குக் கதை கதையாகச் சொல்லிவைத்திருக்கிறார்கள். நான் பதறப் பதற, ‘அம்மா நல்லா நடிக்கிறாங்க’ என்று எங்கேயோ உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருப்பாள். உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தால் சரி. வெயில் தகரத்தில் பட்டுக் கொதித்தது. எந்த இடுக்கில் எப்படிக் கிடக்கிறாளோ.

லாரி டிரைவர் ஹாரன் அடித்தார். “ஏம்மா, நேரமாகுதும்மா. இன்னும் ரெண்டு இடம் போகணும்.”

“என் புள்ள கிடைக்கற வரைக்கும் வண்டி அசையக் கூடாது. உங்க லோடுக்குள்ள இருந்தா?”

“லோடுக்குள்ளயா! நாங்க கண்ணத் தொறந்துட்டுத்தானம்மா ஏத்தினோம்.”

அப்போதுதான் தம்பி திரும்பி வந்தான். வாசலில் என் முகத்தைப் பார்த்தவன், பைக்கை ஸ்டாண்ட் போடக்கூட நிற்கவில்லை. அது அப்படியே சாய்ந்து விழுந்தது. விஷயத்தைக் கேட்டுவிட்டு, “நான் சொன்னா வந்துடுவாக்கா. தினம் சாயங்காலம் என்கூடத்தான ஆடறா” என்றான். முற்றத்தின் நடுவில் நின்று, வாயில் கை குவித்து, “வாலு! மாமா தோத்துட்டேன்!” என்று கத்தினான்.

காதைத் தீட்டிக்கொண்டு நின்றோம். ‘யார்கிட்ட’ என்று யாரும் கேட்கவில்லை.

அதற்கு முன்பு வரைக்கும் எனக்குப் பாதிதான் பயம். அந்த நிமிஷத்தில் முழுதாகப் பிடித்துக்கொண்டது. இந்த வார்த்தைக்கும் அவள் வரவில்லை என்றால், அவள் காதில் விழவில்லை என்றுதானே அர்த்தம்? தம்பியும் அதையேதான் நினைத்தான். அவன் பார்வை தரையில் கிடந்த ஸ்க்ரூ டிரைவருக்குப் போனது, அங்கிருந்து லாரிக்குப் போனது.

“அக்கா. கடைசி ஃப்ரிட்ஜ். நான் கதவக் கழட்டல.”

“கழட்டலைன்னா?”

“கோவத்துல அப்படியே போட்டுட்டுப் போயிட்டேன். இவங்க கதவோட ஏத்தியிருக்காங்க.”

ஏற்றின ஆளின் சட்டையைப் பிடித்தேன். “அது கனமா இருந்துச்சா? சொல்லுங்கண்ணா, மத்ததவிடக் கனமா இருந்துச்சா?”

“எல்லாமே கனம்தான்மா, என்னத்தக் கண்டோம்” என்றார் அவர்.

தம்பி லாரிமேல் ஏறியதை நான் பார்க்கவில்லை. ஏறிவிட்டிருந்தான். அந்த ஃப்ரிட்ஜ் லோடுக்கு உச்சியில் மல்லாக்கக் கிடந்தது. கதவுக்கு மேலே இரண்டு சுற்றுக் கயிறு. முடிச்சு அவிழவில்லை. பல்லால் கடித்து இழுத்தான். “கத்தி! யாராவது கத்தி குடுங்க!” நான் உள்ளே ஓடிப் போய்த் துணி வெட்டும் கத்தரிக்கோலைக் கொண்டுவந்து வீசினேன். துணியைத் தவிர வேறெதையும் அதால் வெட்டக் கூடாது என்று வீட்டையே மிரட்டிவைத்திருக்கிற கத்தரிக்கோல். கயிறு அறுந்தது. அவன் இரண்டு கையாலும் கைப்பிடியைப் பிடித்து இழுத்தான். ரப்பர் பிரிகிற சத்தம் கீழே எனக்குக் கேட்டது. நான் கண்ணை மூடிக்கொண்டேன். கடவுளே, நான் இனிமேல் வாயே திறக்க மாட்டேன் என்று சொன்னேன்.

“இல்லக்கா! காலி! காலியாத்தான் இருக்கு!”

லாரிச் சக்கரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அழுகை வந்துவிட்டது. யார் பார்த்தால் என்ன என்று வாய்விட்டே அழுதேன். இங்கே இல்லை சரி, அப்படியென்றால் எங்கே?

அங்கே இங்கே விசாரிக்கத் தம்பி தெருவுக்கு ஓடப் பார்த்தான். டிரைவர் பாவம், அவருக்கும் பொறுமை போய்விட்டது. “அதான் வண்டியில இல்லன்னு ஆயிடுச்சேம்மா. வண்டிய எடுத்தா நீங்களும் நல்லாத் தேடலாம்” என்று ஏறி உட்கார்ந்து எஞ்சினைப் போட்டார். முற்றம் குறுகல். கொஞ்சம் பின்னால் போய் ஒடித்தால்தான் லாரி வாசலுக்குத் திரும்பும். பின்னால் இருப்பது சுவரும் கழற்றிப் போட்ட கதவுகளும்தானே, இடித்தால் இடிக்கட்டும் என்று தம்பி எப்போதும் சொல்வான். நானும் தடுக்கவில்லை. எனக்கும் வண்டி போய்த் தொலைந்தால் போதும் என்றிருந்தது.

அப்பா அப்போதுதான் முட்டியைப் பிடித்துக்கொண்டு படியில் இறங்கி வந்தார்.

“ஏன்டா, பிடிக்கிறது யாரு?”

“என்னப்பா?”

“ஆட்டத்துல பிடிக்கிறது யாருன்னு கேக்கறேன். நீயா?”

“நான் இல்லப்பா. நான் இன்னைக்கு ஆடவே இல்லையே.”

“அப்புறம் நீ தோத்துட்டேன்னு கத்தினா எவ வருவா? நானும் இல்ல. அப்ப யாரு?”

லாரி பின்னால் நகர ஆரம்பித்தது. எனக்கு என் முழங்கையை ஒரு சின்னக் கை இழுப்பது போல இருந்தது. இப்போதுதான் அவள் கேட்டது காதில் விழுந்தது. அத்தனை நேரம் கழித்து, ஒவ்வொரு எழுத்தாக விழுந்தது. ‘அம்மா, இன்னைக்கு நீ பிடிக்கிறியா? நீதான் பிடிக்கணும், மாமா இல்ல.’ நான் குண்டூசியைக் கடித்துக்கொண்டு சொன்னேன், ‘ம்ம், சரி, போ.’

நான் பிறந்ததிலிருந்து அந்த வார்த்தையைச் சொன்னதில்லை. ஆட்டத்தில் கண்டுபிடிக்க முடியவில்லை என்றால், தம்பியை ஒளிந்த இடத்திலேயே விட்டுவிட்டு வீட்டுக்குப் போய்ச் சாப்பிட்டுவிடுவேனே தவிர, சொல்ல மாட்டேன். கட்டின புருஷனிடம்கூட இன்றுவரை சொன்னதில்லை.

“தோத்துட்டேன்!” என்று கத்தினேன். “அம்மா தோத்துட்டேன்! நான்தான் பிடிக்கிறது, நான் தோத்துட்டேன்டி!”

எஞ்சின் இரைச்சலில் என் குரல் எனக்கே கேட்கவில்லை. அப்பா லாரியின் பக்கத்துப் பலகையில் படார் படாரென்று அறைந்து, இத்தனை வருஷமாக அடக்கிவைத்திருந்த குரலில், “ஹோல்டான்!” என்று ஒரு சத்தம் போட்டார். டிரைவரின் கால் தானாகவே பிரேக்கில் போயிருக்க வேண்டும். லாரி குலுங்கி நின்றது. எஞ்சின் அணைந்தது.

அந்த அமைதியில், லாரிக்குப் பின்னால், சுவரோரம் சாய்த்துவைத்த கதவுகளுக்குள்ளிருந்து ஒரு குரல் வந்தது.

“யார்கிட்ட?”

“உன்கிட்டதான்டி என் தாயே! உன்கிட்ட தோத்துட்டேன்!”

ஓரத்தில் தொங்கின தார்ப்பாய் அசைந்தது. தண்ணீர் இல்லாத அந்தத் தொட்டிக்குள்ளிருந்து, தலையெல்லாம் ஒட்டடையோடு, தவழ்ந்து வெளியே வந்தாள். லாரியின் பின்பக்கத்துக்கும் முதல் கதவுக்கும் நடுவில் ஒரு கை போகிற இடம்தான் இருந்தது. தம்பி அதைப் பார்த்தான். பார்த்துவிட்டு அப்படியே தரையில் உட்கார்ந்தான்.

நான் அவளை இழுத்து முதுகில் இரண்டு வைத்தேன். வைத்த கையாலேயே கட்டிக்கொண்டேன். “எத்தன வாட்டி கூப்பிட்டேன்! அழுதேன்ல? அதுகூடவா காதுல விழல?”

“விழுந்துச்சும்மா. சூப்பரா அழுத. நான் நம்பிடப் பாத்தேன்.” அடி வாங்கின முதுகைத் தேய்த்துக்கொண்டாள், ஆனால் முகம் முழுக்கச் சிரிப்பு. “இடுக்கு வழியா உன் காலயே பாத்துட்டிருந்தேன். நீ இங்க ஓடற, அங்க ஓடற, மாமாவையும் லாரி மேல ஏத்திவிட்டுத் தேடற. நீ இவ்ளோ நேரம் என்கூட விளையாடினதே இல்லம்மா.”

தம்பி என்னை நிமிர்ந்து பார்த்தான். நான் அவனிடம் சொல்ல வேண்டியது ஒன்று இருந்தது. அதையும் அன்றைக்கே சொன்னேன், ஆனால் அது பிறகு.

“இப்ப நான் பிடிக்கிறேன்” என்று வாலு லாரிப் பக்கம் திரும்பி, கையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு எண்ண ஆரம்பித்தாள். “ஒண்ணு... ரெண்டு...”

உள்ளே பாதி தைத்த சட்டை மெஷின் ஊசியில் குத்தினபடியே இருந்தது.

“நிக்கிறியே, ஓடு” என்றார் அப்பா.

நான் செருப்பைக் கழற்றி எறிந்துவிட்டு ஓடினேன்.