மொட்டைமாடிச் சுவர்

வெள்ளைச் சட்டையின் தோளில் ஒரு சொட்டு விழுந்தது. தையல்காரி என்ன ஏது என்று பார்ப்பதற்குள் காலரில் இன்னொன்று. சட்டையை வெடுக்கென்று இழுத்துக்கொண்டு அண்ணாந்து பார்த்தாள். போன மாதம்தான் வெள்ளையடித்த கூரை. அதே இடத்தில் அதே மஞ்சள் வட்டம், அதன் ஓரத்தில் முத்து முத்தாகத் தண்ணீர்.

"வந்துட்டியா? எங்கடா இன்னும் காணோமேன்னு பார்த்தேன்," என்று கூரையைப் பார்த்துக் கத்தினாள். கத்துவதற்கு வீட்டில் வேறு யாரும் இல்லை. கணவன் அலுவலகம் போயிருந்தான்.

மேசையில் கிடந்தவை பள்ளிக்கூடச் சீருடைகள். கடைத்தெருவில் இருந்த தையல் கடையைக் காலி செய்து, வீட்டின் முன்னறையை இடித்துப் பூசிப் பெரிதாக்கி, இரண்டு மெஷினையும் வெட்டும் மேசையையும் அதில் போட்டு உட்கார்ந்த பிறகு வந்த முதல் பெரிய வேலை அது. "திங்கட்கிழமை காலையில பிள்ளைங்க புதுச் சட்டையோட வரிசையில நிக்கணும். சொன்ன நாள்ல குடுத்துட்டீங்கன்னா வருஷா வருஷம் உங்களுக்குத்தான்," என்று பெரிய டீச்சர் வாய்விட்டே சொல்லியிருந்தாள். இன்று வெள்ளிக்கிழமை. பொத்தான் கட்டுவதும் இஸ்திரி போடுவதும்தான் பாக்கி. தளத்துக்குள் ஊறி இறங்கும் தண்ணீர் வெறும் தண்ணீர் அல்ல. உள்ளே இருக்கும் கம்பியின் துருவையும் சேர்த்துக்கொண்டு இறங்கும். அந்தக் கறை எந்தச் சோப்புக்கும் அசையாது. போன மழையில் ஒருத்தியின் ரவிக்கை அப்படித்தான் பாழானது. அவள் அதற்குப் பிறகு இந்தத் தெருப் பக்கமே வரவில்லை.

தையல்காரி சட்டைகளை வாரி எடுத்துப் படுக்கையறைக்கும் முன்னறைக்குமாக ஓடினாள். கடைசிக் கட்டை எடுக்கத் திரும்பியபோது அது நனைந்துவிட்டிருந்தது. விரித்துப் பார்த்தாள். சரியாக ஒரு டஜன் சட்டை. அவளுக்கு அழுகை வரவில்லை. உச்சந்தலைவரை எரிச்சல்தான் ஏறியது.

இந்த ஒழுகலுக்கு வைத்தியம் பார்க்காமல் இருந்தார்களா? முதலில் வந்தவன் கூரையின் உள்பக்கத்தைச் சுரண்டிப் பூசிவிட்டுப் போனான். ஒழுகியது. இரண்டாவது ஆள் வந்து, முதலாமவனை வாய்க்கு வந்தபடி திட்டிவிட்டு, தளத்தின்மேல் ஏதோ ரப்பர் பெயின்ட்டை அடித்தான். "பத்து வருஷத்துக்கு நீங்க அண்ணாந்தே பார்க்க வேணாம்," என்றான். அடுத்த மழைக்கே பார்க்க வேண்டியதாயிற்று. மூன்றாவதாகக் கொத்தனார் வந்தார். முந்தைய இருவரையும் ஒருசேரத் திட்டிவிட்டு, தளம் முழுக்க ஓடு பதித்தார். ஒவ்வொரு முறையும் கணவன்தான் ஆட்களை மாடிக்குக் கூட்டிப்போனான். "அவங்ககிட்ட பேச நான் இருக்கேன்ல? நீ உன் வேலையைப் பாரு," என்பான். பொறுப்பான மனுஷன் என்று அப்போது பூரித்துப்போனாள்.

இன்றைக்குப் பொறுக்க முடியவில்லை. செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு, நனைந்தால் நனையட்டும் என்று மாடிப்படி ஏறினாள்.

வெயில் நாளில் துணி காயப்போட எத்தனையோ தடவை வந்த மொட்டைமாடிதான். மழை பெய்யும்போது வந்ததில்லை. கதவைத் திறந்ததும் காலைத் தண்ணீரில் வைத்தாள். நடுவில் நிற்கும் சுவரை நெருங்க நெருங்கத் தண்ணீர் ஏறிக்கொண்டே போனது. சுவரடியில் கணுக்கால் முழுகியது. அதற்கு நேர் கீழேதான் அவளுடைய வெட்டும் மேசை.

அந்தச் சுவருக்கு ஒரு வரலாறு உண்டு, அதைச் சொல்லவே வாய் கூசும். மாமனார் கட்டியது ஒரே வீடு. அவர் போன பிறகு, தண்ணீர் மோட்டாரின் சுவிட்ச் யார் பக்கம் இருக்க வேண்டும் என்று அண்ணன் பெரியவனும் தம்பி சின்னவனும், அதாவது அவள் கணவனும், மல்லுக்கு நின்றார்கள். சுவிட்ச் ஒரு ஜாண் நகர்ந்தால் குடி முழுகிப்போகும் என்பதுபோலப் பேச்சு தடித்தது. வீட்டைக் குறுக்கே பிளந்து சுவர் எழுப்பினார்கள். அதோடு வயிற்றெரிச்சல் தீரவில்லை. மொட்டைமாடியிலும் இடுப்பளவுக்கு ஒரு சுவர் வைத்தார்கள். ஆறு வருஷமாகப் பேச்சுவார்த்தை கிடையாது.

தையல்காரி சுவருக்கு மேலாக எட்டிப் பார்த்தாள். மூத்தாரின் பக்கம் தண்ணீர் சலசலவென்று ஓடி, மூலையில் இருந்த குழாயில் இறங்கிக்கொண்டிருந்தது. தன் பக்கம் சுற்றுமுற்றும் தேடினாள். குழாயே இல்லை. மாமனார் மொத்தத் தளத்துக்கும் சரிவை அந்த மூலைக்குத்தான் கொடுத்திருந்தார். அவருடைய மகன்கள் அதன் குறுக்கே அணை கட்டிவிட்டார்கள்.

கீழே வந்து, தலையைக்கூடத் துவட்டாமல் கொத்தனாருக்குப் போன் போட்டாள்.

"இவ்வளவு தண்ணி நிக்குதே, ஓடு பதிச்சப்போ உங்க கண்ணுக்குத் தெரியலையா?"

"தெரியாமலா? அன்னைக்கே சார்கிட்ட சொன்னேனேம்மா. சுவரடியில ரெண்டு ஓட்டை போட்டா போதும், இல்லேன்னா தளத்தையே கொத்தி எடுத்து சரிவை மாத்தணும்னு. சாருதான், 'சுவரைப் பத்தி மட்டும் பேசாதே, என் சம்சாரம் காதுலயும் போடாதே, மேலாக்க ஓட்டைப் பதிச்சுட்டுப் போ'ன்னாரு."

அவள் போனை வைத்தாள்.  மதியச் சாப்பாட்டுக்குக் கணவன் வந்து குடையை மடக்கும்வரை அப்படியே நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள்.

"ஓட்டை போடணும்னு கொத்தனார் சொன்னாரா, இல்லையா?"

சின்னவன் குடையை ஆணியில் மாட்டினான். மாட்டிய குடையை எடுத்து இன்னொரு ஆணியில் மாட்டினான். "அது வந்து... அவன் ஆயிரம் சொல்லுவான்."

"மூணு தடவை வீட்டைச் சுரண்டினோம். ஒவ்வொரு தடவையும் மெஷினை மூடிப் போட்டுட்டு, வந்தவங்களுக்கெல்லாம் டீ போட்டுக் குடுத்துட்டு, தூசியைக் கூட்டிக்கிட்டு நின்னவ நான். எல்லாம் வீண்னு தெரிஞ்சும் வேடிக்கை பார்த்தீங்களா?"

"என் வீட்டுத் தண்ணியை உன் பக்கம் விட்டுக்கோன்னு நான் போய் அண்ணன்கிட்ட கைகட்டி நிக்கணுமா? சுவர் கட்டறப்போ ஓட்டை வேணுமான்னு கேட்டாங்க. ஊசி நுழையற இடம்கூட இருக்கக் கூடாதுன்னு நான்தான் சொன்னேன். அவனும் அதையேதான் சொன்னான். இப்ப நான் இறங்கிப் போனா என் மானம் என்னாகறது?"

"உங்க மானம் என் மேசை மேல சொட்டுது," என்றாள் தையல்காரி.

மாடிப்படிக்கு அடியில் இருந்த பெட்டியைக் கவிழ்த்தாள். சுத்தியலும் உளியும் விழுந்தன. கணவன் "ஏய், நில்லு, நான் சொல்றதைக் கேளு" என்று பின்னாலேயே வந்தான். அவள் கேட்கவில்லை. தண்ணீரில் மண்டியிட்டு, சுவரின் அடியில் கையால் தடவி, கல்லும் கல்லும் சேரும் இடத்தில் உளியை வைத்து அடித்தாள். முதல் அடி குறி தவறிக் கட்டைவிரலில் பட்டது. வாயில் வந்த வசவை முழுங்காமல் துப்பிவிட்டு மறுபடியும் அடித்தாள். பூச்சு பெயர்ந்தது. ஊறிய செங்கல் பொடிப்பொடியாக உதிர்ந்தது.

சத்தம் கேட்டுப் பெரியவன் அந்தப் பக்கம் மாடிக்கு வந்துவிட்டான். வண்டி ஓட்டக் கற்றுக்கொடுக்கிறவன். மழை பெய்தால் அவனுக்கு விடுமுறை. தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு சுவருக்கு மேலாக எட்டிப் பார்த்தான்.

"இது பொதுச் சுவர். யாரைக் கேட்டு உடைக்கறே?"

"அதானே!" என்றான் சின்னவன். "யாரைக் கேட்டு உடைக்கறே?"

தையல்காரி சுத்தியலை நிறுத்திவிட்டு இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். ஆறு வருஷமாக ஒருவர் நிழலை ஒருவர் மிதிக்காதவர்கள் சுவருக்கு இரண்டு பக்கமும் நின்று ஒரே குரலில் அவளை அதட்டினார்கள். ஒற்றுமை என்றால் இப்படி இருக்க வேண்டும்.

"மாமா, நீங்க கொஞ்சம் நகருங்க. தண்ணி காலை வாரிவிடும்," என்று சொல்லிவிட்டு அடித்தாள்.

அப்போது பெரியவனின் பின்னாலிருந்து அவன் மனைவி வந்தாள். கையில் கடப்பாரை. கணவனை முழங்கையால் ஒதுக்கிவிட்டு அதைச் சுவருக்கு மேலாக நீட்டினாள்.

"உளியை வச்சுக்கிட்டு எவ்வளவு நேரம் லொட்டு லொட்டுன்னு தட்டுவே? இதைப் பிடி."

"அக்கா?"

"எங்க பக்கம் மட்டும் என்ன வாழுது? இந்தச் சுவர் குடிச்ச தண்ணியெல்லாம் எங்க சமையலறைச் சுவருல இறங்கி, பூச்சு பாளம் பாளமா விழுது. ஆளைக் கூப்பிட்டுப் பாருங்கன்னா, 'வெளியே மூச்சு விடாதே, அந்த வீட்டுல சிரிப்பாங்க'ன்னு வாயை அடைக்கறாரு. அடி, சொல்றேன்!"

பெரியவன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான். கடப்பாரை நாலு போடு போட்டதும் ஒரு முழுச் செங்கல் அந்தப் பக்கம் போய் விழுந்தது. தேங்கி நின்ற தண்ணீர் மடை திறந்துகொண்டு பாய்ந்தது. தையல்காரி இன்னொரு ஓட்டையும் போட்டுவிட்டுத்தான் எழுந்தாள். அந்த ஆண்களை அப்படியே மழையில் விட்டுவிட்டுக் கீழே வந்தாள்.

கூரை ஒழுகுவது உடனே நின்றுவிடவில்லை. தளம் குடித்ததை எல்லாம் கக்கித்தானே ஆக வேண்டும். ஆனால் சொட்டுக்கும் சொட்டுக்கும் இடையில் நேரம் கூடிக்கொண்டே வந்தது. சேலையை மாற்றிக்கொண்டு, படுக்கையறையில் இஸ்திரிப் பெட்டியைச் சூடாக்கி, தப்பித்த சட்டைகளைத் தேய்க்க ஆரம்பித்தாள். கறை பட்ட டஜனைத் தனியாக ஒரு பையில் போட்டாள். அவற்றுக்குத் துணி எடுத்து மறுபடி வெட்டித் தைக்க எப்படியும் புதன்கிழமை ஆகிவிடும். பெரிய டீச்சர் சொன்னதோ திங்கட்கிழமை.

கொஞ்ச நேரத்தில் சின்னவன் சொட்டச் சொட்ட வந்து நின்றான். கண்கள் கலங்கியிருந்தன.

"அண்ணன் பேசிட்டான்," என்றான். "என்கிட்ட நேரா பேசிட்டான்."

அவளுக்கே மனம் ஒரு நொடி இளகியது. "என்ன பேசினாரு?"

"'உன் பொண்டாட்டியைக் கொஞ்சம் அடக்கி வைடா'ன்னான்." சொல்லிவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டான். "டான்னு கூப்பிட்டான் பாரு, பழையபடி."

தையல்காரி இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தாள்.

"நீங்க என்ன சொன்னீங்க?"

"நான் என்ன சொல்றது? சரிண்ணேன்னேன்."

அவள் பையை எடுத்து அவன் கையில் திணித்தாள். "கறை பட்ட சட்டை இதுல இருக்கு. உங்க அண்ணனையும் கூட்டிக்கிட்டு, பள்ளிக்கூடம் விடறதுக்குள்ள போய் பெரிய டீச்சர் முன்னாடி நில்லுங்க. திங்கட்கிழமை பன்னிரண்டு பிள்ளைங்க எதுக்குப் பழைய சட்டையில வரப்போகுதுன்னு சொல்லுங்க. சுவிட்ச்லேருந்து ஆரம்பிச்சு, ஒண்ணு விடாம சொல்லுங்க. புதன்கிழமைவரைக்கும் தவணை வாங்காம திரும்பி வராதீங்க."

"நானா? இது உன் வேலையாச்சே. நீ போய்ப் பேசறதுதான் முறை."

"அடக்கி வச்ச பொண்டாட்டி எப்படிங்க வெளியே போவா?" என்றாள் அவள்.

 அவள் அடுத்த சட்டையை விரித்தாள். சற்று நேரம் கழித்து வாசல் கதவு திறந்தது. பக்கத்து வீட்டுக் கதவை அவன் தயங்கித் தயங்கித் தட்டுவது கேட்டது.