பாதியில் இறங்கியவன்

இறந்தவரைக் குளிப்பாட்டும்போது வலது பக்கத்திலிருந்துதான் தொடங்க வேண்டும். கபீர் பாய் மய்யித்தின் வலது கையைத் தூக்கித் தண்ணீர் ஊற்றப் போனார்.

“மெல்ல பாய். அந்தத் தோள்ல வலிக்கும்” என்றான் உஸாமா.

சொன்ன பிறகுதான் அவனுக்கு உறைத்தது. கபீர் பாய் கையைப் பாதி உயரத்திலேயே நிறுத்தி, கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றினார்.

உஸாமாவின் தம்பி பர்கத்துல்லா அன்று விடியலில் மவுத்தாகியிருந்தான். வயது முப்பத்தொன்று. பர்மாவின் க்யிம்யிண்டைங் சந்தையில் இருந்த அவர்களுடைய ஆணிக்கடையில், மேல்தட்டு டப்பாவைக்கூட வலது கையால் அவனால் எட்டி எடுக்க முடியாது. அந்தக் கைக்காகத்தான் ஒரு காலத்தில் ஜப்பானில் ஒரு சிற்றூர் பேஸ்பால் கிளப் சம்பளம் கொடுத்து அவனை அழைத்துப்போனது. முதல் பந்துவீச்சாளர் களைத்ததும் ஆட்டத்தின் பாதியில் இறக்கிவிடும் ஆள் அவன். ஒரு சீசன்கூட முழுதாக ஓடவில்லை. திரும்பி வந்தவன் வலி மாத்திரை தின்றே வருஷங்களை ஓட்டினான். மாத்திரை அவன் சிறுநீரகத்தைத் தின்றது. போன வாரம் டயாலிசிஸ் படுக்கையிலிருந்து எழுந்து, “போதும் காக்கா, வீட்டுக்குப் போவோம்” என்று அண்ணனிடம் சொன்னான். உஸாமா அழைத்து வந்துவிட்டான்.

கஃபன் துணி சுற்றிக் கூடத்தில் கிடத்தியபோது கோ ஜேயா வந்தான். பர்கத்துல்லா வீசும் பந்தைப் பிடிப்பதற்கென்று அதே கிளப் எடுத்திருந்த பர்மியன். கைலியை ஒதுக்கிக்கொண்டு வாசலோரம் குந்தினான்.

உம்மா அவனிடம் பர்மியில் கேட்டாள். “தோள் எப்படிப் போச்சு? எங்கிட்ட வழுக்கி விழுந்தேன்னு சொன்னான்.”

கோ ஜேயா உஸாமாவைப் பார்த்தான். உஸாமா குனிந்துகொண்டான்.

“விழல, அமே. பந்து வீசும்போதே போச்சு. பந்து வந்த விதத்துலயே எனக்குத் தெரிஞ்சிருச்சு. ஓடிப்போய்க் கேட்டேன். பேசாம போய் உக்காருன்னான்.”

“வெளிய வந்திருக்கலாமே?”

“வந்துட்டா மறுபடி கூப்பிட மாட்டாங்கன்னு பயம். ஆட்டம் முடியிற வரைக்கும் அந்தக் கையாலயேதான் வீசினான்.”

“ஜெயிச்சீங்களா?”

“இல்ல.”

“அப்புறம் கூப்பிட்டாங்களா?”

இல்லையென்று கோ ஜேயா தலையசைத்தான். உம்மா, பர்கத்துல்லாவின் மனைவி இன்ஷாவின் பக்கம் திரும்பினாள். இன்ஷா சுவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“ஒனக்குத் தெரியுமா?”

“தெரியும் மாமி.”

“தூக்குவோமா தம்பி?” என்று கபீர் பாய் உஸாமாவிடம் கேட்டார்.

கோ ஜேயா எழுந்து தயங்கி நின்றான். மய்யித்தைச் சுமக்கும் சந்தூக்கை வேறு மார்க்கத்தான் தூக்கலாமா என்று கபீர் பாயும் யோசித்தார்.

“அவனும் புடிக்கட்டும்” என்றாள் உம்மா.

உஸாமா சந்தூக்கின் முன்பக்கத்தை அவனுக்கு விட்டுக்கொடுத்துவிட்டுப் பின்னால் போனான். தெருமுனை வரை தோளில் சுமந்தார்கள், பிறகு வேன். யேவே கபர்ஸ்தானில் மண் ஈரமாக இருந்ததால் மூட நேரம் பிடித்தது.

அவர்கள் திரும்பி வந்தபோது பக்கத்து வீட்டிலிருந்து சோறு வந்திருந்தது. உம்மா முன்னால் ஒரு தட்டு. போயிருந்த கரண்ட் திடீரென்று வந்தது. மின்விசிறி முனகிச் சுற்றியது. தட்டில் மொய்த்திருந்த ஈக்கள் எழுந்தன. உம்மா தட்டை அருகே இழுத்து, சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தாள்.