முதல் பதிப்பில் இருந்த அடி

அக்காவுக்கு வீடியோ கேம் என்றாலே ஆகாது. அப்படிப்பட்டவள்தான் சில நாட்களாகத் தம்பியின் கம்ப்யூட்டரில் காவலாளிகளின் மண்டையைப் பிளந்துகொண்டிருந்தாள்.

தம்பி ஒற்றை ஆளாக உருவாக்கிய விளையாட்டு அது. சிறையிலிருந்து தப்பிக்கும் ஒருவன், குறுக்கே வருகிறவர்களை இரும்புத் தடியால் அடித்தே கொல்ல வேண்டும். விற்பனையில் சக்கைப்போடு போட்டது. வெளியாவதற்கு முந்தைய முதல் பதிப்பை ஆவணப்படுத்தித் தரும்படி ஓர் இணையதளம் இப்போது கேட்டிருந்தது. பின்னால் எது மாறியது, எது காணாமல் போனது என்று அறை அறையாகப் படம் பிடித்து எழுத வேண்டும். "சும்மாதானே இருக்க, கொஞ்சம் பாத்துக் குடேன்க்கா" என்று அவள் தலையில் கட்டிவிட்டான்.

அவள் ஒன்றும் சும்மா இல்லை. மறுநாள் அவளுடைய விவாகரத்து வழக்கு விசாரணைக்கு வருகிறது. புருஷனைத் தங்கமான மனுஷன் என்று சொல்லச் சொந்தக்காரர்கள் வரிசைகட்டி நின்றார்கள். அந்தத் தங்கம் வெளியே தெரியாத இடமாகப் பார்த்து உதைக்கும் என்பது அவளுக்கு மட்டும்தான் தெரியும். படிக்கும் காலத்தில் அவர்கள் வீட்டிலேயே பக்கத்து அறையில் தங்கியிருந்த தம்பி, காதில் எப்போதும் ஹெட்போன் இருந்ததால் எதுவும் கேட்கவில்லை என்று சாதித்தான். அவளும் நம்பினாள். வேறு சாட்சி கிடையாது.

சிறைச் சமையலறைக்கு வந்தாள். அங்கே ஒரு சமையல்காரி. விற்பனைக்கு வந்த விளையாட்டில் அவளுக்கு வேறு சத்தம். ஆடுகிறவர்கள் அவளை ஓர் அடியில் சாய்த்துவிட்டு அடுத்த அறைக்கு ஓடிவிடுவார்கள். ஆவணத்துக்கு ஓடக் கூடாது. ஒவ்வொரு சத்தமும் முழுதாக ஓயும்வரை அசையாமல் நிற்க வேண்டும்.

தடி இறங்கியது. சுவரில் தலை மோதும் சத்தம். இரண்டாவது முறை மோதியது. மூச்சு முட்டும் விசும்பல். பிறகு தணிந்த குரலில் ஒரு பெண் சொன்னாள், "மெதுவா அடிங்க. பக்கத்து ரூம்ல தம்பி இருக்கான்."

அது அக்காவுடைய குரலேதான். இரத்தத்தில் கிடந்த சமையல்காரியைப் பார்த்தபடி மறுபடி ஓடவிட்டுக் கேட்டாள். சந்தேகமே இல்லை. தம்பியைக் கூப்பிட்டுப் பக்கத்தில் உட்காரவைத்து அவனையும் கேட்க வைத்தாள்.

அவன் முகம் செத்துப்போனது. "அது சும்மா தற்காலிகமாப் போட்டதுக்கா. மைக் சோதிச்சுட்டு இருந்தப்ப பதிவாயிடுச்சு. பின்னாடி வெட்ட மறந்துட்டேன்."

"அப்புறம் ஏன் மாத்தின?"

"ஆடிப் பாத்தவங்க... கேக்கவே முடியலைன்னு சொன்னாங்க."

"முகம் தெரியாதவங்களுக்குக் கேக்க முடியல."

அவள் எழுந்து அவனை ஓங்கி அறைந்தாள். நாற்காலியோடு சாய்ந்தான். உதடு கிழிந்து வாயில் இரத்தம் வந்தது. மறுபடியும் அறைந்தாள். புருஷன்மேல் கூட அவளுக்கு இவ்வளவு வெறி வந்ததில்லை. புருஷனிடம் அவள் எதையும் எதிர்பார்த்ததே இல்லை.

"ஒரு தடவை கதவைத் தட்டியிருக்கலாமேடா."

தரையில் கிடந்தபடி அழுதான். "பயமா இருந்துச்சுக்கா."

"எனக்கும்தான்டா பயமா இருந்துச்சு."

உள்ளங்கை எரிந்தது. உட்கார்ந்து, அந்த ஒலிக்கோப்பை வக்கீலுக்கு அனுப்பினாள். பிறகு அவரைப் போனில் கூப்பிட்டாள்.

"சார், நாளைக்கு ஒரு சாட்சி இருக்கு. என் தம்பி," என்றாள். அவனைக் கேட்டுக்கொண்டு சொல்லவில்லை.