ஹஸ்ஸானுக்கு ஒரு கைலி

அந்தத் தெருவில் பெண்கள் பிளேன் ஏறினால் புருஷனிடம் போகத்தான் ஏறுவார்கள். அதனால் ஷாஸியா மஸ்கட் போகிறாள் என்று தெரிந்ததும் யாரும் ஒன்றும் கேட்கவில்லை. அவள் புருஷன் ஹஸ்ஸான் இருப்பது துபாய் ஆயிற்றே என்று ஒருவருக்கும் உறைக்கவில்லை. அரபு நாடுகளெல்லாம் அடுத்தடுத்த தெரு என்ற நினைப்பு. அவனுக்குக் கொடுக்கச் சொல்லி ஆளுக்கொரு பொட்டலத்தோடு வந்துவிட்டார்கள். வெளிநாடு போகிறவர் கையில் எதையாவது கொடுத்தனுப்பாவிட்டால் இவர்களுக்குத் தூக்கம் வராது.

ஷாஸியாவும் வாயைத் திறக்கவில்லை. போன லீவில் வந்த ஹஸ்ஸான், பீங்கான் கம்பெனி வேலையை விடச் சொல்லி அவளை அடித்தான். அன்றே தாய்வீட்டுக்கு வந்தவள்தான். இப்போது மஸ்கட்டில் ஜாடிகளுக்குப் பூ வரையும் வேலை கிடைத்திருக்கிறது. அங்கே காலூன்றிய பிறகு ஜமாத்தில் குலா கேட்டு அவனைப் பிரிந்துவிடலாம் என்றிருந்தாள். இப்போதே தெரிந்தால் மாமியார் வீட்டார் திரண்டு வந்து பயணத்தையே கெடுத்துவிடுவார்கள். ஏர்போர்ட்டுக்குப் போக சாயங்காலம் ஜங்ஷனில் ரயில். அதுவரை பொறுத்தால் போதும்.

மதியம் மாமியார் தாஜ் நிஷாவே வந்து நின்றாள். கையில் மகனுக்கு ஒரு புதுக் கைலி, ஒரு ஜாடி நாரத்தங்காய் ஊறுகாய். ஜாடியில் இருந்த நீலப் பூ ஷாஸியா வரைந்ததுதான்.

"எம்புள்ள மனசு மாறிட்டான் பாத்தியா? ஒன்னக் கூப்ட்டுக்கிட்டான். எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லல, கள்ளப்பய!"

முகமெல்லாம் சிரிப்பு. அந்தச் சிரிப்பைத்தான் ஷாஸியாவால் தாங்க முடியவில்லை. தெருவை ஏமாற்றினால் போகிறது; இவளை எப்படி ஏமாற்றுவது?

"மாமி, நான் அவருகிட்ட போவல. வேலைக்குப் போறேன். இனிமே அவரோட வாழ மாட்டேன்."

சொல்லிவிட்டாள். தாஜ் நிஷா கட்டிலில் உட்கார்ந்தாள். கத்தப்போகிறாள், சின்ன மகன் ரயீஸுக்குப் போன் போட்டு ஆளைத் திரட்டப்போகிறாள் என்று ஷாஸியா பயந்துபோய் நின்றாள்.

"அன்னைக்கு நான் பக்கத்து ரூமுலதான் இருந்தேன்," என்றாள் தாஜ் நிஷா. "நீ அழுதது கேட்டுச்சு. நான் கதவத் தட்டல."

பிறகு எழுந்து, புதுக் கைலியை உதறி விரித்தாள். ஜாடியை அதில் வைத்து இறுக்கிச் சுற்றினாள். ஷாஸியாவின் பெட்டியைத் திறந்து, துணிகளுக்கு நடுவே செருகினாள்.

"மாமி, கைலி அவருக்குல்ல..."

"அவன் கெடக்கறான். ரயீஸு கேட்டா நான் சொல்லிக்கிறேன். ஜாடி ஒடையாம போய்ச் சேரணும்."